உம் கொட்டும் நாய்

அன்புள்ள ஐயா,

பொம்மலாட்டக் கலைஞர் ஜிம் ஹென்சனின் ‘தி ஸ்டோரிடெல்லர்’ டிவி தொடரை ஏழு வயது மகளுக்குப் போட்டுக் காட்டினேன். முதல் கதையிலேயே முள்ளெலியாகப் பிறந்த ஹான்ஸைப் பார்த்து மடியில் ஏறிக்கொண்டாள். மறுநாள் அதையே திரும்பக் கேட்டாள்! கிரிம் சகோதரர்களின் கதையைத் தேடிப் படித்தேன், முடிவு வேறாக இருக்கிறது. இப்படி மாற்றலாமா? பிள்ளைகளுக்கு இவ்வளவு பயம் தேவையா?

வாசகி, திருப்பாதிரிப்புலியூர்

அன்புள்ள வாசகிக்கு,

மாற்றம் பெரிய குற்றமில்லை. கிரிம் கதையில் ஹான்ஸே ஆள் வைத்துத் தன் முள்தோலை எரிக்கச் சொல்கிறான். தொடரில் மனைவி எரித்துவிடுகிறாள். அவன் காணாமல் போகிறான். இரும்புச் செருப்பு தேயத் தேய அவள் தேடி அலைகிறாள். நம்மூர்ப் பாம்பு மாப்பிள்ளை கதைகளிலும் சட்டையை எரிப்பது உண்டு. கிரிம் சகோதரர்கள் மட்டும் கை வைக்காமலா இருந்தார்கள்? 1812 பதிப்பில் ஸ்னோ ஒயிட்டைக் கொல்லத் துடிப்பவள் பெற்ற தாய். 1819இல் அவளைச் சிற்றன்னை ஆக்கிவிட்டார்கள்.

பயத்துக்கு வருகிறேன். அந்தத் தொடரில் என்னைக் கவர்ந்தது முள்ளெலி இல்லை, நாய். கணப்படுப்பின் முன் கிழவர் ஜான் ஹர்ட் கதை சொல்ல, பக்கத்தில் படுத்திருக்கும் பொம்மை நாய் குறுக்கே பேசுகிறது, முனகுகிறது, ‘அதெப்படி?’ என்கிறது. எழுதிய ஆந்தனி மிங்கெல்லா பின்னாளில் ஆஸ்கர் வாங்கினார். எனக்கோ அவர் அந்த நாய்க்கு எழுதிய வசனத்துக்கே கொடுத்திருக்கலாம் என்று தோன்றும்.

2011 டிசம்பர் 30இல் தானே புயல் அடித்தபின், கடலூர் மஞ்சக்குப்பத்தில் அக்கா வீட்டில் பல நாள் கரண்ட் இல்லை. நான் புதுச்சேரியிலிருந்து மெழுகுவத்தியும் பிஸ்கட்டும் வாங்கிக்கொண்டு போயிருந்தேன். ராத்திரி ஆயா பிள்ளைகளைச் சுற்றி உட்கார வைத்து, கிளிக்குள் உயிரை ஒளித்து வைத்த ராட்சசி கதையை ஆரம்பித்தார். ‘உம் கொட்டணும், கொட்டலேன்னா நிறுத்திடுவேன்.’ கொட்டினார்கள். ராட்சசி கதவைத் தட்டும் இடம் வந்ததும் சின்னவனின் ‘உம்’ கம்மிப்போய்க் கொசு முனகல் மாதிரி வந்தது. ஆயா சட்டென்று குரலை இறக்கி, ராட்சசிக்குத் தலையில் பேன் கடித்தது, நின்று சொறிந்துகொண்டாள் என்றார். கதையில் பேனெல்லாம் கிடையாது. பிள்ளைகள் சிரித்தார்கள். அவன் ‘உம்’ பழையபடி திரும்பிய பிறகுதான் ராட்சசி உள்ளே வந்தாள்.

உம் தூங்காமல் இருக்கிறார்களா என்று பார்க்க மட்டும் இல்லை. எவ்வளவு பயம் தாங்கும் என்று கதை சொல்பவருக்கு அதுதான் காட்டிக்கொடுக்கும். டிவிக்கு உங்கள் மகளின் உம் கேட்காது. அதனால்தான் அங்கே ஒரு நாயை உட்கார வைத்திருக்கிறார்கள். அவள் கேட்க நினைப்பதை அது முந்திக்கொண்டு கேட்டுவிடுகிறது. மிச்சத்தை உங்கள் மடி பார்த்துக்கொண்டது. மறுநாள் அவள் திரும்பக் கேட்டதில் எனக்கு ஆச்சரியமே இல்லை.

இந்த வரிசையில் ஒன்பது கதைகள்தான். அதன்பின் கிரேக்கப் புராணங்களை நான்கு பகுதிகளாக எடுத்தார்கள். அதில் கதைசொல்லி மைக்கேல் கேம்பன். நாய் மட்டும் அதே நாய். பார்த்தவரைக் கல்லாக்கும் மெதூசா வரும் பகுதியை மட்டும் முதலில் நீங்கள் தனியாகப் பார்த்துவிடுங்கள்.