சிரிக்காத இசை – கடிதம்

அன்புள்ள ஐயா,

ஹாலிவுட் இசையமைப்பாளர் எல்மர் பெர்ன்ஸ்டைன் பற்றிப் போகிற போக்கில் நீங்கள் எழுதிய இரண்டு வரியைப் படித்துவிட்டு, அவர் இசையமைத்த நகைச்சுவைப் படம் ‘ஏர்ப்ளேன்!’ பார்த்தேன். விழுந்து விழுந்து சிரித்தேன். ஆனால் ‘டென் கமாண்ட்மெண்ட்ஸ்’ படத்துக்கு இசையமைத்தவர் கடைசியில் இந்தக் கூத்துக்கெல்லாம் எழுதவேண்டி வந்ததே என்று இருந்தது. வாய்ப்பு குறைந்துவிட்டதா?

எம்.

அன்புள்ள எம்.,

கூத்துக்கு அவர் எழுதியது ‘டென் கமாண்ட்மெண்ட்ஸ்’ படத்தின் மோசேக்கு முன்பே. 1950களின் தொடக்கத்தில், ஹாலிவுட்டில் கம்யூனிஸ்ட் வேட்டை நடந்தபோது, இடதுசாரி என்று பெயர் அடிபட்டதால் பெரிய படங்கள் அவரிடம் வரவில்லை. கிடைத்ததைச் செய்தார். அதில் ஒன்று ‘ரோபோ மான்ஸ்டர்’ (1953). வேற்றுக்கிரக அரக்கன் யார் என்றால், கொரில்லா உடைக்குள் ஒரு ஆள், தலையில் கடலில் மூழ்குகிறவர்கள் மாட்டும் கவசம். அவன் குகையில் ஒரு இயந்திரம் சோப்புக் குமிழி ஊதிக்கொண்டிருக்கும். இதற்குப் போய் மனிதர் உலகமே அழியப்போகிற தோரணையில் எழுதியிருக்கிறார்! மூன்றே வருடத்தில் ‘டென் கமாண்ட்மெண்ட்ஸ்’ வந்தது, மோசேக்குச் செங்கடல் பிளந்தது.

1978இல் ‘அனிமல் ஹவுஸ்’ எடுத்த ஜான் லாண்டிஸ், பெர்ன்ஸ்டைன் மகனின் நண்பர். ‘இதை நகைச்சுவைப் படம் என்று நினைக்காமல் எழுதுங்கள்’ என்பதுதான் அவர் வைத்த கோரிக்கை. தொடக்கக் காட்சியைப் பாருங்கள். கல்லூரி நிறுவனரின் சிலை, அதன் கீழே ‘அறிவு நல்லது’ என்று ஒரு மகா தத்துவம். பின்னால் பட்டமளிப்பு விழாவுக்குரிய கம்பீரத்தோடு இசை. இசை கொஞ்சம் கண்ணடித்திருந்தாலும் அந்த வாசகம் செத்திருக்கும்.

‘ஏர்ப்ளேன்!’ (1980) படத்தின் மூன்று இயக்குநர்களுக்கும் வேண்டியிருந்தது மலிவுப் படங்களின் ஊதிப் பெருக்கிய இசை. அதைக் கேலியாக அல்ல, பிழைப்புக்காகவே எழுதிப் பழகியவரிடம் போனார்கள். கடற்கரையில் காதலர்கள் கட்டிப் புரளும் காட்சியில் அலை வந்து மூடிப்போகிறது, மேலெல்லாம் கடற்பாசி. இசை மட்டும் எதையும் கவனிக்காமல் உருகிக்கொண்டே இருக்கிறது.

வாய்ப்பு குறையவில்லை. சிக்கலே வேறு: சிரிப்புப் படமாகவே வந்து குவிந்தது. ‘ஸ்ட்ரைப்ஸ்’, மொசார்ட்டை எடுத்தாண்ட ‘டிரேடிங் பிளேஸஸ்’, ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’. 1986இன் ‘த்ரீ அமிகோஸ்’ என்பது ‘மேக்னிஃபிசென்ட் செவன்’ பாணி கௌபாய்ப் படங்களைக் கிண்டலடிப்பது. அந்த ‘மேக்னிஃபிசென்ட் செவன்’ படத்துக்கு 1960இல் இசை யார்? இவரேதான். தன்னையே நக்கலடிக்கவும் தன்னிடமே வந்து நின்றால் யாருக்கும் அலுக்கும். அப்புறம் ‘மை லெஃப்ட் ஃபுட்’ (1989) போன்ற சின்ன, கனமான படங்களுக்குத் திரும்பிவிட்டார்.

சரி, நேரம் கிடைத்தால் ‘ரோபோ மான்ஸ்டர்’ பாருங்கள். முழுதாக வேண்டாம், தாங்க மாட்டீர்கள். குமிழிக் காட்சி போதும்.