அம்பயர் ஆவதற்காகக் கல்லூரியை விடலாமா?

கேள்வி: அமெரிக்காவிலேயே பிறந்து வளர்ந்த என் மகனுக்கு வயது 20. பள்ளியில் பேஸ்பால் ஆடியவன். இப்போது சனி, ஞாயிறுகளில் சிறுவர் ஆட்டங்களுக்கு அம்பயராக நிற்கிறான். கல்லூரியை விட்டுவிட்டு அதையே தொழிலாக்கிக்கொள்ளப் போகிறானாம். அந்த வேலையை மிஷினே செய்யப்போகிறது என்கிறார்களே, அனுப்பலாமா?
– வாசகி, நியூஜெர்சி

பதில்: அனுப்பலாம். ஆனால் படிப்பை முடித்துவிட்டுப் போகட்டும்.

மிஷினைவிட நீங்கள் யோசிக்க வேண்டியது, இருக்கும் இடங்கள் எத்தனை என்பதை. பேஸ்பாலின் உச்சமட்டத் தொழில்முறைப் போட்டியான மேஜர் லீகில் முழுநேர அம்பயர்கள் 76 பேர்தான். நான்கு பேர் கொண்ட 19 குழுக்கள். ஒருவர் விலகினால்தான் இன்னொருவர் உள்ளே வரமுடியும். உள்ளே போனவர்களோ எளிதில் விலகுவதில்லை. அம்பயர் ஜோ வெஸ்ட் 2021 சீசனோடு ஓய்வு பெற்றபோது 5,460 ஆட்டங்களுக்கு நின்றிருந்தார்.

அந்த 76 பேரில் ஒருவராவதற்கு, அதற்குக் கீழே உள்ள மைனர் லீகில் ஏழு முதல் பத்து வருடம் ஆகும் என்று வைத்துக்கொள்ளுங்கள். கீழ்மட்ட லீக்குகளில் ஓர் ஆட்டத்துக்கு இரண்டே அம்பயர்கள். ஒருவர் பேட்டர் நிற்கும் ஹோம் பிளேட்டுக்குப் பின்னால் நின்றால், ஓட்டக்காரர்கள் தொட வேண்டிய மூன்று பேஸ்களையும் மற்றவர்தான் ஓடி ஓடிப் பார்க்க வேண்டும். ஆட்டம் முடிந்ததும் அடுத்த ஊருக்குக் கார் ஓட்டிப் போக வேண்டும். சிங்கிள்-ஏ, ஹை-ஏ, டபுள்-ஏ, டிரிபிள்-ஏ என்று படிப்படியாக ஏற வேண்டும். மேலே ஏறத் தகுதியில்லை என்று தோன்றினால் விடுவித்துவிடுவார்கள். மைனர் லீக் சம்பளம் சொற்பம். குளிர்காலத்தில் வேறு வேலை பார்த்துத்தான் பலர் சமாளிக்கிறார்கள். பட்டம் கையில் இருக்கட்டும் என்று நான் சொல்வது இதனால்தான்.

வயது போய்விடுமோ என்ற கவலை வேண்டாம். ஜென் பாவோல் 2016-இல் மைனர் லீகில் சேர்ந்தார். 2025 ஆகஸ்ட் 9 அன்று அட்லாண்டாவில், மேஜர் லீக் வழக்கமான சீசன் ஆட்டத்துக்கு நின்ற முதல் பெண் அம்பயரானார். அப்போது அவருக்கு 48 வயது. அவருக்கு முன்பு பாம் போஸ்டிமா 13 வருடம் மைனர் லீகில் உழைத்து, டிரிபிள்-ஏ வரை போயும் 1989-இல் வெளியேற்றப்பட்டார். இந்தக் கதையையும் உங்கள் மகன் தெரிந்துகொள்ள வேண்டும்.

இனி மிஷின். வீசிய பந்து பேட்டர் அடிக்கக்கூடிய எல்லைக்குள் வந்ததா (ஸ்ட்ரைக்), வெளியே போனதா (பால்) என்ற தீர்ப்பை, 2026 முதல் பேட்டர், பந்து வீசும் பிட்சர், பின்னால் பிடிக்கும் கேட்சர் மூவரில் ஒருவர் தொப்பியையோ ஹெல்மெட்டையோ தட்டி எதிர்க்கலாம். கேமரா அளந்து சொல்லிவிடும். ஆனால் ஓர் ஆட்டத்தில் ஓர் அணிக்கு இருப்பது இரண்டு வாய்ப்புகள்தான். முறையீடு தவறென்றால் ஒன்று போய்விடும். முறையீடு சரியென்றால் வாய்ப்பு கையிலேயே இருக்கும். மற்ற எல்லாப் பந்துகளுக்கும் மனிதர்தான் தீர்ப்பு சொல்கிறார். வேலை போகவில்லை, தவறு உடனே அம்பலமாகும் என்பதுதான் புதிது.

அதைத் தாங்கும் மனசு அவனுக்கு இருக்கிறதா என்று பாருங்கள். 2010 ஜூன் 2 அன்று டெட்ராய்ட் பிட்சர் அர்மாண்டோ கலராகாவுக்கு, ஒரு பேட்டரும் பேஸை எட்டாத முழு ஆட்டம் கைகூட ஒரே ஒரு அவுட் பாக்கி. அவுட்டான ஓட்டக்காரரை முதல் பேஸ் அம்பயர் ஜிம் ஜாய்ஸ் சேஃப் என்றார். ரீப்ளேயைப் பார்த்ததும் தவறை ஒப்புக்கொண்டு கலராகாவிடம் மன்னிப்புக் கேட்டார். மறுநாள் அதே மைதானத்தில் ஹோம் பிளேட்டில் நின்றார். அணிப் பட்டியலைக் கொண்டுவந்து கொடுத்தவர் கலராகா, ஜாய்ஸ் கண்கலங்கிவிட்டார். பிறகு ஆட்டத்தை நடத்தி முடித்தார்.

செய்ய வேண்டியது இது: மேஜர் லீக் நிர்வாகம் நடத்தும் ஒருநாள் அம்பயர் முகாமுக்கு விடுமுறையில் போய்வரட்டும். கட்டணம் இல்லை. தேறுபவர்களையே நீண்ட பயிற்சிக்கு அழைக்கிறார்கள். கண்ணாடி போட்டாவது பார்வை 20/20 இருக்க வேண்டும். அதை முதலில் சோதித்துவிடுங்கள். அழைப்பு வராவிட்டால் பள்ளி, கல்லூரி ஆட்டங்களுக்கு அம்பயராக நின்றுகொண்டே வேறு வேலையும் பார்க்கலாம்.