கார்டுக்கு ஒன்றரை லட்சம் கேட்கிறார், கட்டலாமா?

கேள்வி: என் மகள் பேஷன் டிசைன் முடித்திருக்கிறாள். சினிமாவில் காஸ்ட்யூம், ஆர்ட் இரண்டையும் செய்ய ஆசைப்படுகிறாள். ஒன்றரை லட்சம் கட்டினால் இரண்டுக்கும் சேர்த்து சங்கக் கார்டு வாங்கித் தருவதாக வடபழனியில் ஒருவர் சொல்கிறார். நம்பலாமா?
- ஒரு தாய், திருப்பூர்

கட்டாதீர்கள் அம்மா. மற்றதைப் பிறகு பேசுவோம்.

பெப்சி என்ற தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனத்தின் கீழே இருபதுக்கும் மேற்பட்ட சங்கங்கள் இருக்கின்றன. செட்டைக் கவனிக்கிற ஆர்ட் டைரக்டர்களுக்கு ஒன்று, உடையைக் கவனிக்கிற காஸ்ட்யூமர்களுக்கு வேறொன்று. இரண்டுக்கும் சேர்த்து ஒரே கார்டு என்கிறாரே, அங்கேயே குட்டு உடைந்துவிட்டது. உறுப்பினர் கட்டணம் உண்டுதான். அதைச் சங்க அலுவலகத்தில், சங்கத்தின் பெயரில் கட்டி ரசீது வாங்க வேண்டும். டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து யாரோ ஒருவரின் ஜிபே நம்பருக்கு அனுப்புகிற பணம் இல்லை அது.

இந்த ஆட்களின் மூலதனம், செல்போனில் ஹீரோவோடு நிற்கிற ஒரு போட்டோ. பட பூஜையன்று யாரும் யாரோடும் நின்று போட்டோ எடுத்துக்கொள்ளலாம். என்னிடம் அசிஸ்டென்டாகச் சேர வந்த ஒரு பெண், லேமினேட் செய்த கார்டை எடுத்து நீட்டினாள். அதில் சங்கத்தின் பெயரிலேயே எழுத்துப்பிழை. அவள் அப்பா அதற்குக் கொடுத்தது அறுபதாயிரம். கோபம் புரோக்கர் மேல் மட்டுமில்லை. படம் செய்தால்தான் கார்டு, கார்டு இருந்தால்தான் படம் என்று புதுசாக வருகிற பிள்ளைகளை வாசலிலேயே சுற்றவிட்டால் இடையில் புரோக்கர் முளைக்காமல் என்ன செய்வான்?

நேர்வழி ஒன்றுதான்: ஒரு டிசைனரிடம் அசிஸ்டென்டாகச் சேர்வது. படம் முடிந்து ஓடுகிற டைட்டிலில் டிசைனர்களின் பெயர்களைக் குறித்துக்கொண்டு, வேலையைக் காட்டி அவர்களுக்கு எழுதச் சொல்லுங்கள். கவுன் வரைந்த நோட்டு வேண்டாம், அது எல்லோரிடமும் இருக்கிறது. ஒரு டீக்கடைக்காரர் பாத்திரத்துக்கு ஒரே ஒரு சட்டை செய்து காட்டட்டும். புதுச் சட்டையை நாலைந்து தடவை துவைத்து, டீத்தண்ணீரில் முக்கி, காலரையும் கைமடிப்பையும் உப்புத்தாளால் தேய்த்துப் பழசாக்க வேண்டும். அவர் அடிவாங்குகிற காட்சி இருந்தால் அதே சட்டை, அதே பழசில், நாலு வேண்டும். முதல் டேக்கில் ரத்தம் கொட்டிய சட்டையோடு இரண்டாவது டேக் போக முடியாதே. எந்தக் காட்சியில் எத்தனை பொத்தான் திறந்திருந்தது என்று போட்டோவோடு நோட்டில் ஏற வேண்டும். சாயப்பட்டறை பார்த்து வளர்ந்த திருப்பூர்ப் பெண்ணுக்கு இதில் பாதி வேலை கைவசம் இருக்கும்.

ஆர்ட் வேறு உலகம். புனே திரைப்படக் கல்லூரியில் அதற்கு மூன்று வருடப் படிப்பே இருக்கிறது. கட்டடக்கலை, ஓவியம் மாதிரிப் பட்டம் கேட்பார்கள். மகளின் பட்டம் செல்லுமா என்று விண்ணப்பிக்கும் முன் பார்த்துக்கொள்ளுங்கள்.

இரண்டையும் ஒருவரே செய்ததே இல்லையா என்று மகள் கேட்பாள். உண்டு. ஆஸ்திரேலியாவின் கேத்தரின் மார்ட்டின் 2002-லும் 2014-லும் செட்டுக்கும் உடைக்கும் சேர்த்தே ஆஸ்கர் வாங்கினார். ஆனால் அந்த இரண்டு படத்துக்கும் டைரக்டர் அவருடைய கணவர். சுவரின் நிறத்தையும் புடவையின் நிறத்தையும் ஒரே ஆளிடம் விட வீட்டுக்குள்ளேயே டைரக்டர் இருந்தார். உங்கள் மகளுக்கு அப்படி இல்லையே! இந்தியாவுக்கு முதல் ஆஸ்கரைக் கொண்டுவந்த பானு அதையாவும் 1983-ல் அதை வாங்கியது உடைக்குத்தான், அதுவும் ஜான் மோலோ என்ற ஆங்கிலேயரோடு சேர்ந்து. முதலில் காஸ்ட்யூமில் காலூன்றட்டும்.

அசிஸ்டென்டாகச் சேரும்போது எத்தனை நாள், எவ்வளவு பேட்டா, போக்குவரத்து யார் செலவு, டைட்டிலில் பெயர் வருமா, இந்த நாலையும் எழுதி வாங்குங்கள். ஒப்பந்தம் தரமாட்டேன் என்றால் வாட்ஸ்அப்பிலாவது வரட்டும்.

வடபழனிக்காரர் மறுபடி கூப்பிட்டால், சங்க அலுவலகத்திலேயே பணம் கட்டுகிறோம், கூட வாருங்கள் என்று சொல்லிப் பாருங்கள். முன்பணம் என்று ஏதாவது ஆன்லைனில் ஏற்கெனவே போயிருந்தால், அவருக்குச் சொல்லாமல் இன்றே சைபர் குற்ற உதவி எண்ணான 1930-ஐ அழையுங்கள்.