‘மோட்டார் போச்சு’ என்றால் உடனே காசை எடுக்காதீர்கள்

கேள்வி: அண்ணா, நாங்கள் காசிமேட்டில் இருக்கிறோம், வீட்டில் வாரத்துக்கு நாலு நாளாவது மீன் வறுப்போம். ஆட்டோ கிளீன் சிம்னி வாங்கி 14 மாதம் ஆகிறது. இப்போது சத்தம்தான் வருகிறது, புகையை இழுக்கவில்லை, அடுப்பு மேல் எண்ணெய் சொட்டுகிறது. சர்வீஸுக்கு வந்தவர் மோட்டார் போச்சு, கழற்றிக் கழுவி மாட்ட 3,800 ரூபாய், வருஷ ஒப்பந்தமும் போட்டுக்கொள்ளுங்கள் என்கிறார். கொடுக்கலாமா?
— ஒரு வாசகி

பதில்: இப்போதைக்குக் கொடுக்காதீர்கள். மோட்டார் எரிந்துபோயிருந்தால் காற்றாடியே சுற்றாது, உங்களுடையது சத்தத்தோடு ஓடுகிறது. எண்ணெயும் சொட்டுகிறது என்பதால், எங்கேயோ பிசுக்கு அடைத்திருக்கிறது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

ஆட்டோ கிளீன் என்ற பெயரைப் பார்த்து எல்லாம் தானாகச் சுத்தமாகிவிடும் என்று பலரும் நம்பிவிடுகிறோம். அது செய்வது, உள்ளே காற்றாடி இருக்கும் இடத்தைச் சூடாக்கி, ஒட்டியிருக்கும் எண்ணெயை இளக்கிக் கீழே உள்ள கப்பில் இறக்குவது மட்டும்தான். அந்தக் கப் நிறைந்தால் நீங்கள்தான் எடுத்துக் கொட்ட வேண்டும். சிங்க்கில் ஊற்றாதீர்கள், பழைய பேப்பரில் ஒற்றிக் குப்பையில் போடுங்கள்.

அப்புறம் ஃபில்டர். ஷட்டர் பட்டை மாதிரி ஸ்டீல் தகடு இருந்தால் பிளக்கைப் பிடுங்கிவிட்டு அதைக் கழற்றி, சுடுதண்ணீரில் ரெண்டு ஸ்பூன் சலவை சோடாவும் பாத்திரம் தேய்க்கும் லிக்விடும் கலந்து ஒரு மணி நேரம் ஊறவிடுங்கள். மஞ்சள் பிசின் மாதிரி ஒட்டியிருந்தது வழுக்கிக்கொண்டு வரும், நைலான் பிரஷ் போதும், நன்றாகக் காய்ந்த பிறகு மாட்டுங்கள். அலுமினிய வலையாக இருந்தால் சோடா வேண்டாம், கறுத்துப் போகும், லிக்விட் மட்டும் போதும். பாத்ரூம் ஆசிட், பிளீச்சிங் பவுடர் ரெண்டும் வேண்டவே வேண்டாம், ஸ்டீலில் புள்ளி புள்ளியாக அரித்துவிடும். கடல் காற்றில் அது இன்னும் சீக்கிரம் துருப்பிடிக்கும். நீங்கள் மீன் வறுக்கிற கணக்குக்குப் பத்து நாளைக்கு ஒருமுறை கழுவுங்கள், ஏனென்றால் பிசுக்கு சேர்ந்த ஃபில்டரில் அடுப்புத் தீ ஏறினால் பற்றிக்கொள்ளும். அதைத்தான் நான் அதிகம் பயப்படுகிறேன்.

இதெல்லாம் முடிந்ததும் ஒரு செய்தித்தாள் துண்டை ஃபில்டருக்கு அடியில் பிடியுங்கள். சிம்னி ஓடும்போது ஒட்டிக்கொண்டு நின்றால் இழுப்பு சரி. ஒட்டாமல் விழுந்தால் வெளிச்சுவரில் காற்று போகிற வாயைப் பாருங்கள். தண்டையார்பேட்டையில் எங்கள் வீட்டிலும் இதே கதைதான், மோட்டார் மாற்ற வேண்டும் என்று ஒருவர் சொல்லிவிட்டுப் போனார். ஏணி போட்டுப் பார்த்தால் வெளியே இருந்த மூடி துருவும் பிசுக்குமாக ஒட்டிப்போய்த் திறக்கவே இல்லை. உங்கள் குழாய் கிழக்குப் பக்கம், கடலைப் பார்த்து இருந்தால் மத்தியானக் காற்று புகையைத் திருப்பித் தள்ளும். அதற்கு மோட்டாரை மாற்றி என்ன பயன்?

வாரண்டி அட்டையையும் எடுத்துப் பாருங்கள். முழு மெஷினுக்கு ஒரு வருஷமும் மோட்டாருக்கு அதைவிட அதிகமும் தருவது வழக்கம், அதனால் நிஜமாகவே மோட்டார் போயிருந்தாலும் இலவசமாக மாற்ற வாய்ப்பு உண்டு. அட்டையில் அச்சடித்த நம்பரிலேயே கூப்பிடுங்கள், நெட்டில் தேடிக் கிடைக்கும் நம்பரில் போலிகள் நிறைய. எது பழுது என்று எழுதி வாங்குங்கள், பழைய பாகத்தையும் பில்லையும் கேளுங்கள். ஒப்பந்தம் ரெண்டு தடவை கழுவுவதற்கு மட்டும் என்றால் வேண்டாம், அதைத்தான் நீங்களே செய்யப் போகிறீர்களே.

வாரண்டி இருந்தும் மறுத்தால் தேசிய நுகர்வோர் உதவி எண்ணான 1915-க்கு அழைத்துப் புகார் பதியுங்கள். அதிலும் தீராவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையம் இருக்கிறது. பிரச்சினை எழுந்ததிலிருந்து 2 வருஷத்துக்குள் போக வேண்டும், 5 லட்சம் ரூபாய் வரை விலையுள்ள பொருளுக்குக் கட்டணம் கிடையாது.

பேப்பர் ஒட்டியதா என்று எழுதுங்கள். ஒட்டவில்லை என்றால் குழாய் எத்தனை அடி, எத்தனை இடத்தில் வளைகிறது என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.