ரெனீ பவல் யார்? கோல்ஃப் உலகில் ஏன் அவரைக் கொண்டாடுகிறார்கள்?

எல்பிஜிஏ எனும் அமெரிக்கப் பெண்கள் தொழில்முறை கோல்ஃப் தொடரில் ஆடிய இரண்டாவது கறுப்பினப் பெண் ரெனீ பவல், 1967-ல் வந்தார். முதலாமவர் டென்னிஸில் விம்பிள்டன் ஜெயித்துவிட்டு அப்புறம் கோல்ஃபுக்கு வந்த ஆல்தியா கிப்சன். ஆனால் ரெனீயின் கதையை அவர் அப்பாவிடமிருந்துதான் ஆரம்பிக்கணும். பில் பவல் இரண்டாம் உலகப்போரில் அமெரிக்க ராணுவத்தில் இருந்துவிட்டு ஒஹாயோவுக்குத் திரும்பினார். கறுப்பர் என்பதால் அங்கே கோல்ஃப் மைதானங்களில் அவரை ஆடவிடவில்லை, போர் வீரர்களுக்கான வங்கிக் கடனும் மறுக்கப்பட்டது. மனுஷன் அசரவில்லை. இரண்டு கறுப்பின மருத்துவர்களும் அண்ணனும் கைகொடுக்க, ஈஸ்ட் கேன்டனில் ஒரு பால்பண்ணை நிலத்தை வாங்கி, ராத்திரி காவலாளி வேலை, பகலில் கல் பொறுக்கி புல் விதைப்பது என்று உழைத்து, 1948-ல் கிளியர்வியூ என்ற கோல்ஃப் மைதானத்தை ஒன்பது குழிகளோடு திறந்தார். எந்த நிறத்தவரும் வந்து ஆடலாம்.

அந்த மைதானத்தில் மூன்று வயதிலேயே மட்டை பிடித்தவர் ரெனீ. தொழில்முறையில் 250-க்கும் மேற்பட்ட போட்டிகள் ஆடினார். கூடவே அறை தராத ஓட்டல்கள், கொலை மிரட்டல் கடிதங்கள்.

கோப்பைக் கணக்கை மட்டும் பார்த்தால் அவர் பெரிய பெயர் இல்லை, சரி. என்னைக் கேட்டால் அவருடைய பெரிய வேலையே ஆட்டத்துக்கு வெளியேதான். 2011-லிருந்து கிளியர்வியூவில் முன்னாள் பெண் ராணுவத்தினருக்கு இலவசமாக கோல்ஃப் பயிற்சி நடத்துகிறார். 2015-ல், பெண்களையே சேர்க்காமல் இருந்த ஸ்காட்லாந்தின் பழம்பெரும் கோல்ஃப் கிளப்பான செயின்ட் ஆண்ட்ரூஸ் ராயல் அண்ட் ஏன்ஷியன்ட் கிளப், கௌரவ உறுப்பினராக்கிய முதல் பெண்களில் அவரும் ஒருவர்.