லோன்காரத் தம்பி நீட்டும் மனுவில் கையெழுத்துப் போடலாமா?

கேள்வி: களுவாஞ்சிக்குடிப் பக்கம் ஒரு மாதர் கிராம அபிவிருத்திச் சங்கத்தில் இருக்கிறேன். நுண்கடனை ஒழுங்குபடுத்தும் சட்டமூலத்தை எதிர்த்து மனுவில் கையெழுத்துக் கேட்டு, எங்களுக்குக் கடன் தந்த நிறுவனத்தின் தம்பி சென்டர் (கடன் குழு) கூட்டத்துக்கு வந்தார். மட்டக்களப்பு ஊர்வலத்துக்கும் வந்தால் ஒரு கிழமைக் கட்டு (தவணைப் பணம்) தள்ளுபடியாம். பஸ், சாப்பாட்டுப் பார்சல் அவர்கள் பொறுப்பு. “சட்டம் வந்தால் உங்களுக்குக் கடனே கிடைக்காது” என்கிறார். போடலாமா?

பதில்: முதலில் பார்சலுக்கு யார் காசு கொடுக்கிறார்கள், ஏன் கொடுக்கிறார்கள் என்று பார்ப்போம். 50,000 ரூபா கடன், 52 கிழமை, கிழமைக்கு 1,200 என்று வைத்துக்கொள்ளுங்கள். கட்டி முடிக்கும்போது 62,400. சட்டத்தால் வட்டியில் 4,000 ரூபா குறைகிறது என்றால், உங்களுக்கு அது நாலு கட்டுக்கும் குறைவு. அதற்காகக் கொழும்புக்கு ஏறி இறங்க யாருக்கு நேரம்? அதே 4,000, பத்தாயிரம் பேருக்குக் கடன் கொடுத்த நிறுவனத்துக்கு 4 கோடி. சட்டத்தரணி பிடிப்பார்கள், எம்.பி.மாரைச் சந்திப்பார்கள், பஸ்ஸும் பிடிப்பார்கள். மன்சூர் ஓல்சன் என்ற அமெரிக்கப் பொருளியலாளர் 1965இலேயே இதை விளக்கிவிட்டார்: நன்மை சிலர் கையில் குவிந்து, நட்டம் பலர் தலையில் பரவினால், அந்தச் சிலர்தான் சத்தம் போடுவார்கள்.

நட்டம் ஆளுக்கு ஆள் பெரிதாக இருந்தால் கதை வேறு. 2021 மே மாதம் இரசாயன உர இறக்குமதியைத் தடைசெய்தபோது, அம்பாறை வயல்காரரை யாரும் பார்சல் கொடுத்துத் தெருவுக்கு இறக்க வேண்டியிருக்கவில்லை. நவம்பரில் தடையை விலக்கினார்கள்.

சரி, அவ்வளவு பலம் உள்ளவர்களுக்கு உங்கள் கையெழுத்து எதற்கு? “எங்கள் இலாபம் குறையும்” என்று நிறுவனம் சொன்னால் யாரும் இரங்க மாட்டார்கள். “ஏழைப் பெண்களின் கடன் நின்றுவிடும்” என்று நீங்கள் சொன்னால் இரங்குவார்கள். தம்பி சொல்வது முழுப் பொய்யும் அல்ல. வட்டிக்கு வரம்பு கட்டினால் சில நிறுவனங்கள் சிறுகடனைக் கைவிடக்கூடும். ஆனால் “கடனே கிடைக்காது” என்பது பயம் காட்டும் பேச்சு. இன்னொன்று, சென்டரில் ஒருவருக்கொருவர் பிணை நிற்கிறீர்கள். லீடர் அக்கா போட்ட பிறகு அடுத்தவர் மறுப்பது லேசா? கூட்டத்திலேயே தாளை நீட்டுவதும் அதற்குத்தான்.

இந்த விஷயத்தில் எதிர்ப்பு ஒரு பக்கத்திலிருந்து மட்டும் வருவதில்லை. 2024இல் இப்படியொரு சட்டமூலம் பாராளுமன்றத்துக்கு வந்தபோது பெண்கள் அமைப்புகளும் எதிர்த்தன. கிராமத்துச் சிறு சேமிப்புக் குழுக்களும் பதிவு, அனுமதி என்று மாட்டிக்கொள்ளுமே என்பது அவர்கள் கவலை. அது உங்கள் சங்கத்துக்கும் பொருந்தலாம். ஆனால் நிறுவனத்தின் தாளில் போட்டால் உங்கள் கவலையும் அவர்கள் கணக்கில் சேர்ந்துவிடும்.

அதனால் என் அபிப்பிராயம்: அந்தத் தாளில் போடாதீர்கள். சங்கத்தின் கடிதத் தலைப்பில் நீங்களே எழுதுங்கள். வட்டிக்கு வரம்பு வேண்டும், சிறு குழுக்களுக்கு விலக்கு வேண்டும் என்று இரண்டையும் கேட்கலாம். மாவட்டத்துக்கு ஐந்து எம்.பி.மார் இருக்கிறார்கள், ஐவருக்கும் பிரதி அனுப்புங்கள். அதற்கு முன் வர்த்தமானியில் வந்த தமிழ்ப் பிரதியை எடுத்து வாசியுங்கள். “கடன் கிடைக்காது என்று எந்தப் பிரிவில் இருக்கிறது?” என்று தம்பியிடமே கேளுங்கள்.

சுணங்க வேண்டாம். இந்திய டிவி பார்த்துப் பழகிய நமக்கு, சட்டம் வந்த பிறகும் கோர்ட்டுக்குப் போகலாம் என்ற நினைப்பு உண்டு. இங்கே அப்படி இல்லை. சட்டமூலம் பாராளுமன்ற ஒழுங்குப் பத்திரத்தில் (நிகழ்ச்சி நிரலில்) ஏறியதும் எந்தப் பிரஜையும் உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம், ஆனால் தவணை மிகக் குறுகியது. சபாநாயகர் சான்றுப்படுத்திய பின் அரசியலமைப்பின் 80(3) உறுப்புரை கதவைச் சாத்திவிடும்.

யாராவது போடத்தான் போகிறார்கள் என்றால், மேலே விஷயம் எழுதாத வெற்றுத் தாளில் அடையாள அட்டை இலக்கத்தோடு கையெழுத்து வைக்கவே கூடாது. வரிசை இலக்கம் மட்டும் போட்ட தாளுக்கு முன்னால் எந்தப் பக்கத்தையும் பிறகு இணைக்கலாம். அப்புறம், அந்த ஒரு கிழமைத் தள்ளுபடி: முதலில் பாஸ் புத்தகத்தில் எழுதி, திகதியோடு ஒப்பம் வைத்துத் தரச் சொல்லுங்கள். தம்பி பேனாவை எடுக்கிறாரா பாருங்கள்.