பெயர் வராமல் நடித்தவர்கள் தோற்றவர்களா?

"ஹாலிவுட்டில் கடைசிவரை கூட்டத்தில் ஒருவராகவே நடித்துத் தோற்றுப்போனவர்கள் யார்?" என்று கேட்டிருக்கிறீர்கள். பெஸ் ஃபிளவர்ஸ் என்று ஒரு பெயர் சொல்கிறேன். ஆனால் அந்தத் 'தோற்றுப்போன' என்ற சொல்லை முதலில் எடுத்துவிடுங்கள். நீங்களும் எங்கோ நடிக்கப் போய், ஓரமாக நிற்கவைக்கப்பட்டு நொந்துபோய்த்தான் இதைக் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன். நானும் அப்படி நின்றவள்தான்.

நான் இருப்பது லாஸ் ஏஞ்சலஸில். பிள்ளைகள் பள்ளிக்குப் போக ஆரம்பித்ததும் பின்னணி நடிகையாக, அதாவது கூட்டத்தில் நிற்பவளாகப் பதிந்துகொண்டேன். முதல் வேலை ஒரு விருந்துக் காட்சி. நல்ல உடையாக வீட்டிலிருந்தே எடுத்து வரச் சொல்லிச் செய்தி வந்தது. என்னிடம் இருந்ததிலேயே நல்லது கல்யாணப் பட்டு. மாம்பழ நிறம், அரக்கு பார்டர். விடியற்காலை நான்கு மணிக்கு எழுந்து கட்டிக்கொண்டு போனேன். உதவி இயக்குநர் ஒரு பார்வை பார்த்துவிட்டு என்னைத் தூணுக்குப் பின்னால் நிறுத்தினார். பதினோரு மணி நேரம். கேமரா அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. என் நிறம்தான் காரணம் என்று உள்ளுக்குள் கொதித்தேன்.

சாப்பாட்டு நேரத்தில், எழுபதைத் தாண்டிய ஓர் அம்மா பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "உன் புடவை ரொம்ப அழகு. அதனால்தான் மறைத்துவிட்டார்கள். கதாநாயகி பேசும்போது எல்லார் கண்ணும் உன்மேல் போய்விடும்" என்றார். அப்புறம்தான் பெஸ் ஃபிளவர்ஸ் கதையைச் சொன்னார்.

பெஸ் 1898இல் டெக்சாஸின் ஷெர்மன் ஊரில் பிறந்தவர். 1923இல் திரைக்கு வந்தவர், 350க்கும் மேற்பட்ட முழுநீளப் படங்களில் முகம் காட்டியிருக்கிறார். பெரும்பாலானவற்றில் திரையில் அவர் பெயர் வராது. 1928இல் லாரல்–ஹார்டி என்ற நகைச்சுவை ஜோடியின் குறும்படம் ஒன்றில் லாரலின் மனைவி. பிறகு 1964 வரை விருந்தாளி, நாடக ரசிகை, உணவகத்தில் பக்கத்து மேசைப் பெண். அவரை 'டிரஸ் எக்ஸ்ட்ரா' என்பார்கள். சொந்த உடையில் வருபவர்களுக்குக் கூலி கூடுதல். அதற்காகவே மாலை உடைகளை வாங்கிச் சேர்த்துவைத்திருந்தார். பணக்காரப் பெண்ணாகத் தெரிய வேண்டும், ஆனால் யார் கண்ணையும் இழுக்கக் கூடாது. சத்தமே வராமல் உதட்டை மட்டும் அசைத்துப் பேச வேண்டும், சிரிக்க வேண்டும். காட்சியை ஒவ்வொரு முறை எடுக்கும்போதும், வசனத்தில் அதே சொல் வரும்போது அதே கையால் கோப்பையை எடுக்க வேண்டும். செய்து பார்த்தால்தான் தெரியும். சிறந்த படத்துக்கான ஆஸ்கர் வாங்கிய ஐந்து படங்களில் அவர் இருக்கிறார். 1945இல் பின்னணி நடிகர்களுக்கென்று தனிச் சங்கம் தொடங்கியவர்களில் ஒருவர், அதன் துணைத் தலைவராகவும் இருந்தார். இதையா தோல்வி என்கிறீர்கள்?

பாகுபாடே இல்லை என்று நான் சொல்வதாக யாரும் சண்டைக்கு வர வேண்டாம். பெஸ் நின்ற விருந்துகளில் கறுப்பினத்தவருக்குக் கிடைத்தது பெரும்பாலும் தட்டு ஏந்தும் வேஷம்தான். விருந்தாளியாக நிற்கும் இடம் பெஸ்ஸுக்குக் கிடைத்ததில் நிறத்துக்கும் பங்கு உண்டு. அதற்காக அவருடைய தொழில் சுத்தத்தைக் குறைத்துப் பேச என்னால் முடியாது.

பெயர் என்றதும் இதையும் சொல்லிவிடுகிறேன். போன வருடம் இங்கே ஒரு சங்கத்தின் ஆண்டு விழாவில் நாடகம் போட்டோம். ஆறு பெண்கள் இரண்டு மாதம் உட்கார்ந்து உடை தைத்தோம். மேடையில் நன்கொடையாளர் பெயர்களைக் கால் மணி நேரம் வாசித்தார்கள். எங்கள் ஆறு பேரில் ஒருவர் பெயரைக்கூடச் சொல்லவில்லை. கேட்டதற்கு "நேரம் இல்லம்மா" என்றார்கள். இன்னும் ஆறவில்லை எனக்கு.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். 'ஆல் அபவுட் ஈவ்' (1950) படம் கிடைத்தால் கடைசிப் பகுதியைப் பாருங்கள். கதையில் விருது வாங்கிய நடிகை ஈவுக்கு ஒரு பெண் வாழ்த்துச் சொல்லிவிட்டுப் போவார். அவர்தான் பெஸ்.